பூமிக்குள்ள என்ன இருக்குன்னு தோண்டாமலே எப்படி கண்டுபிடிச்சாங்க?

பூமிக்கு உள்ள என்ன இருக்குன்னு கேட்டா பெரும்பாலும் வர்ற பதில் இதுதான்: மேல ஒரு ஓடு, அதுக்கு கீழ முழுக்க லாவா கொதிச்சிட்டு இருக்கு, அதுதான் அப்பப்ப எரிமலை வழியா வெளிய வருது. ஸ்கூல் புக்ல பூமிய குறுக்க வெட்டி சிவப்பு, ஆரஞ்சு, மஞ்சள்னு கலர் அடிச்ச படம் எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும், அந்தக் கலரே இந்த எண்ணத்த மனசுல ஆழமா பதிய வெச்சிருச்சுன்னு நினைக்கிறேன். இன்னொரு பக்கம் நேர் எதிரா பேசுறவங்க இருக்காங்க, பன்னெண்டு கிலோமீட்டருக்கு மேல யாரும் தோண்டினதே இல்ல, அப்புறம் ஆறாயிரம் கிலோமீட்டர் ஆழத்துல இரும்பு இருக்குன்னு எப்படி சொல்றாங்க, எல்லாம் வெறும் ஊகம்தான்னு. போதாக்குறைக்கு ரஷ்யாக்காரங்க தோண்டின குழிக்குள்ள மைக் இறக்கினப்ப நரகத்துல இருந்து அலறல் சத்தம் கேட்டுச்சுன்னு ஒரு ஆடியோ பல வருஷமா சுத்துது. அது யாரோ செஞ்ச பொய் ஆடியோ.

லாவா கடல்ங்கறதும் தப்பு, வெறும் ஊகம்ங்கறதும் தப்பு. மேலோட்டுக்கு கீழ இருக்கற ரொம்பப் பெரிய பகுதி திடமான பாறை. அது நமக்கு எப்படி தெரியும்ங்கறதுக்கு தெளிவான, யார் வேணா சரிபார்க்கக்கூடிய காரணம் இருக்கு. அந்தக் காரணத்த புரிஞ்சுக்கிட்டா மத்ததெல்லாம் தானா புரியும், அதனால அத கொஞ்சம் பொறுமையா பார்ப்போம்.

தோண்டுற கதைய மொதல்ல முடிச்சிடுவோம்

மனுஷன் தோண்டினதுலயே ஆழமான குழிகள்ல பேர் போனது ரஷ்யாவோட வடமேற்கு மூலையில, நார்வே எல்லைக்கு பக்கத்துல கோலா தீபகற்பத்துல இருக்கு. சோவியத் யூனியன் 1970 மே மாசம் ஆரம்பிச்சது, 1989-ல 12,262 மீட்டர தொட்டாங்க, அதுக்கு மேல நகர முடியல. 100 டிகிரி இருக்கும்னு எதிர்பார்த்த ஆழத்துல 180 டிகிரி சூடு, அந்தச் சூட்டுலயும் அழுத்தத்துலயும் பாறை இளகி தோண்டின குழிய மறுபடி நெருக்க ஆரம்பிச்சிருச்சு. இப்ப அங்க போனா இடிஞ்சு கிடக்கற கட்டடங்களுக்கு நடுவுல சுத்திலும் போல்ட் போட்டு இறுக்கின துருப்பிடிச்ச ஒரு இரும்பு மூடிதான் இருக்கு. குழியோட வாய் அகலம் 23 சென்டிமீட்டர், நம்ம கணக்குல ஒரு சாண்.

பூமியோட மையம் 6,371 கிலோமீட்டர் ஆழத்துல இருக்கு. அதுல 12 கிலோமீட்டர்ங்கறது ஐநூத்துல ஒரு பங்குகூட வராது, மேலோட்டையே தாண்டல. ஆனா அந்தக் குழி வீண் இல்ல. 7 கிலோமீட்டர் ஆழத்துல கிரானைட் முடிஞ்சு பசால்ட்ங்கற கருப்பு எரிமலைப் பாறை ஆரம்பிக்கும்னு மேல இருந்தே கணிச்சு வெச்சிருந்தாங்க, போய் பார்த்தா பசால்ட்ட காணோம், விரிசல் விட்டு தண்ணி புகுந்த கிரானைட் வகை பாறைதான் இருந்துச்சு. அதாவது எல்லை சொன்ன எடத்துலயே இருந்துச்சு, அதுக்கு சொன்ன காரணம்தான் மாறிப்போச்சு. இந்த வித்தியாசம் கடைசி வரைக்கும் முக்கியம்: எந்த ஆழத்துல மாற்றம் இருக்குங்கறது அளந்து தெரியறது, அங்க இருக்கற பொருள் எதுங்கறது அதுக்கப்புறம் வேற வழிகள்ல சரிபார்த்து வர்ற முடிவு.

கனம் பார்க்கறது

சந்தையில தேங்காய் வாங்கறவங்கள கவனிச்சா தெரியும், உடைச்சுப் பார்த்து வாங்க முடியாது, அதனால மூணு வேலை செய்வாங்க. கையில தூக்கி கனம் பார்ப்பாங்க, விரலால சுண்டி சத்தம் கேப்பாங்க, காதுகிட்ட வெச்சு ஆட்டிப் பார்ப்பாங்க. பூமிக்கும் கிட்டத்தட்ட இதே மூணு வேலையத்தான் செஞ்சிருக்காங்க, இதே வரிசையில.

மொதல்ல கனம். 1798-ல லண்டன்ல ஹென்றி கேவண்டிஷ் ஒரு கொட்டகைக்குள்ள ஒவ்வொண்ணும் 150 கிலோவுக்கு மேல இருக்கற ரெண்டு ஈயக் குண்டையும், கம்பியில தொங்கற ரெண்டு சின்ன குண்டையும் வெச்சு, பெருசு சின்னத எவ்வளவு இழுக்குதுன்னு அளந்தாரு. அந்த இழுப்பு ரொம்ப ரொம்ப நுணுக்கமானது, மனுஷன் உள்ள நின்னா உடம்புச் சூட்டுல காத்து அசைஞ்சே அளவு கெட்டுப்போகும்னு, கொட்டகைக்கு வெளிய நின்னு சுவத்து ஓட்டை வழியா டெலஸ்கோப்புல பார்த்து குறிச்சாரு. அதுல இருந்து பூமியோட சராசரி அடர்த்தி வந்துச்சு. அடர்த்தின்னா ஒரே அளவு எடத்துல எவ்வளவு எடை அடங்குதுங்கறது. தண்ணிய விட பூமி சுமார் ஐந்தரை மடங்கு அடர்த்தின்னு அவருக்கு கிடைச்சது, இன்னைக்கு அளந்தாலும் 5.5 தான் வருது.

இதுல என்ன விசேஷம்னா நம்ம காலுக்கு கீழ கிடக்கற கிரானைட் தண்ணிய விட 2.7 மடங்குதான் அடர்த்தி. மேல இருக்கறது 2.7, மொத்த சராசரி 5.5, அப்ப உள்ள எங்கயோ ரொம்ப கனமான ஒண்ணு இருந்தே ஆகணும். அந்த கனம் மையத்துலதான் குவிஞ்சிருக்குங்கறதுக்கு தனி ஆதாரமும் இருக்கு: பூமியோட அச்சு சுமார் 26,000 வருஷத்துக்கு ஒரு தடவ மெதுவா ஒரு வட்டம் அடிக்குது, அந்த வேகம் எடை உள்ள எப்படி பிரிஞ்சு கிடக்குங்கறத பொறுத்தது. எடை சமமா பரவியிருந்தா வர வேண்டிய கணக்கு வேற, உண்மையில அளக்கறது வேற. 1890-கள்லயே எமில் வீஷர்ட்ங்கற ஜெர்மன் விஞ்ஞானி இத எல்லாம் சேர்த்துப் பார்த்து, வெளிய பாறை உள்ள இரும்புன்னு ஒரு மாதிரிய முன்வெச்சுட்டாரு.

இதுவரைக்கும் வந்தது: எதையும் தோண்டாம, எடையையும் சுழற்சியையும் மட்டும் வெச்சே பூமியோட நடுவுல பாறைய விட ரொம்ப கனமான பொருள் இருக்குன்னு தெரிஞ்சிருச்சு. ஆனா எவ்வளவு ஆழத்துல எது மாறுதுன்னு இதுல தெரியாது, அதுக்கு சுண்டிப் பார்க்கணும்.

சுண்டிப் பார்க்கறது

பூமிய சுண்டற அளவுக்கு நம்மகிட்ட விரல் இல்ல, அந்த வேலைய நிலநடுக்கம் செய்யுது. எங்கயோ ஒரு எடத்துல பாறை உடைஞ்சு நகர்ந்தா அந்த அதிர்ச்சி அலையா எல்லா திசையிலயும் போகும், மேல மட்டும் இல்ல, பூமிக்குள்ளயும் ஊடுருவி மறுபக்கம் வரைக்கும் போகும். இந்த அலைகள பதிவு பண்ற கருவிதான் சீஸ்மோகிராஃப்.

1889 ஏப்ரல்ல ஜெர்மனியோட பாட்ஸ்டாம் நகரத்துல ரெபோய்ர் பாஷ்விட்ஸ்ங்கற விஞ்ஞானி ரொம்ப நுட்பமான ஒரு ஊசல் கருவி வெச்சிருந்தாரு, தரை கொஞ்சமா சாயறத அளக்கறதுக்காக. அதுல ஒரு நாள் காரணமே தெரியாத ஒரு ஆட்டம் பதிவாச்சு. அப்புறம் பத்திரிகையில ஜப்பான்ல நிலநடுக்கம்னு படிச்சிட்டு நேரத்த ஒப்பிட்டுப் பார்த்தா ரெண்டும் பொருந்துது. டோக்கியோ பக்கம் நடந்த ஆட்டத்த ஜெர்மனியில இருக்கற கருவி பிடிச்சிருக்கு! அன்னைக்குத்தான் பூமிக்கு உள்ள பார்க்க ஒரு வழி திறந்துச்சுன்னு சொல்லலாம்.

ஒரு தூரத்து நிலநடுக்கத்தோட பதிவு எப்படி இருக்கும்னு கிட்ட போய் பார்ப்போம். தாள்ல நேரா ஒரு கோடு போயிட்டு இருக்கு, அதுல எப்பவும் இருக்கற லேசான நடுக்கம் மட்டும். திடீர்னு கூரா ஒரு சின்ன துள்ளல், அது கொஞ்ச நேரம் அதிர்ந்து அடங்கப் போகுது. நிமிஷக்கணக்குல இடைவெளி. அப்புறம் முதல்ல வந்தத விட பெருசா, அகலமா ரெண்டாவது ஒரு ஆட்டம். அதுக்கும் பின்னாடி தாளோட மேலயும் கீழயும் முட்டற மாதிரி நிதானமான பெரிய அலைகள், அது அடங்க ஒரு மணி நேரத்துக்கு மேலகூட ஆகும். கடைசியா வர்ற பெரிய அலைகள் பூமியோட மேற்பரப்ப ஒட்டியே வர்றவை, கட்டடங்கள சாய்க்கறதுல இதுக்கு பெரிய பங்கு. நமக்கு இப்ப முக்கியம் முதல் ரெண்டும்தான், ஏன்னா அது ரெண்டும் பூமிக்குள்ள போய்ட்டு வர்றவை.

முதல்ல வர்றது பி அலை. பாறைய முன்னும் பின்னும் அழுத்தி விட்டு அழுத்தி விட்டு போகும், காத்துல சத்தம் போறதும் இதே விதம்தான். பாறை, தண்ணி, காத்து எது வழியாவும் இது போகும், ஏன்னா எதையும் அழுத்தினா அது எதிர்த்து தள்ளும்.

ரெண்டாவதா வர்றது எஸ் அலை. இது போற திசைக்கு குறுக்க பாறைய பக்கவாட்டுல அசைச்சுக்கிட்டே போகும். திடமான பொருள பக்கவாட்டுல நெளிச்சா அது பழைய வடிவத்துக்கு திரும்ப முயற்சி பண்ணும், அந்த முயற்சிதான் அலைய அடுத்த எடத்துக்கு கொண்டுபோகுது. திரவத்துக்கு அப்படி திரும்பற குணமே கிடையாது, நெளிச்சா நெளிஞ்ச எடத்துலயே நிக்கும். அதனால எஸ் அலை திரவத்துக்குள்ள போகவே முடியாது. இந்த ஒரு வரிய மட்டும் மனசுல வெச்சுக்கோங்க, மொத்தக் கட்டுரையும் இது மேலதான் நிக்குது.

இன்னொரு விஷயம், அலையோட வேகம் அது போற பொருள பொறுத்து மாறும். மேலோட்டுல பி அலை நொடிக்கு சுமார் 6 கிலோமீட்டர், அதுக்கு கீழ 8, இன்னும் ஆழத்துல 13 கிலோமீட்டருக்கு மேலயும் போகும். வேகம் மாறினா பாதை வளையும், ஒளி கண்ணாடிக்குள்ள நுழையும்போது வளையற அதே விதி. ஆழத்துல வேகம் கூடறதால அலைகள் நேர்கோட்டுல போகாம மெல்ல மேல் நோக்கி வளைஞ்சு தூரத்துல வெளிய வரும். அப்ப சீஸ்மோகிராஃப் வெச்சிருக்கற எந்த ஸ்டேஷனுக்கு அலை எத்தன நிமிஷத்துல வந்துச்சுன்னு உலகம் முழுக்க குறிச்சா, எந்த ஆழத்துல எவ்வளவு வேகம்ங்கறத பின்னாடி இருந்து கணக்கு போட்டு எடுத்துடலாம்.

மேலோடு எங்க முடியுது

1909 அக்டோபர் 8-ம் தேதி குரோவேஷியாவுல சாக்ரெப் நகரத்துக்கு பக்கத்துல ஒரு நிலநடுக்கம். ஆந்திரியா மோஹோரோவிசிச் (அங்க இருந்த வானிலை ஆய்வகத்தோட தலைவர்) சுத்தி இருக்கற ஸ்டேஷன்கள்ல இருந்து பதிவுகள வரவெச்சு பார்த்தப்ப, சில தூரங்கள்ல ஒரு பி அலைக்கு பதிலா ரெண்டு பி அலை தெரிஞ்சது. நிலநடுக்கம் ஒண்ணுதான், அலை மட்டும் எப்படி ரெண்டு? அவர் சொன்ன விளக்கம், ஒண்ணு மேலாகவே வந்தது, இன்னொண்ணு கீழ இறங்கி வேகமான ஒரு அடுக்கு வழியா போய்ட்டு மேல வந்தது, தூரம் சுத்தினாலும் வேகத்துல அது முந்திடுச்சுன்னு. அந்த எல்லை சுமார் 54 கிலோமீட்டர் ஆழத்துல இருக்குன்னு கணக்கும் போட்டாரு.

அதுதான் மேலோடு முடியற எடம், அவர் பேர சுருக்கி மோஹோன்னு சொல்றாங்க. கண்டங்களுக்கு கீழ சராசரியா 35, 40 கிலோமீட்டர்ல இருக்கும், திபெத்துக்கு கீழ 70 வரைக்கும் போகும், கடல் தரைக்கு கீழ வெறும் 7 கிலோமீட்டர்தான். அதுக்கு கீழ இருக்கறது மேன்டில், பாடப்புத்தகத்துல கவசம்னு போட்டிருக்கும்.

கருவோட நிழல்

அடுத்த கதை நம்ம நாட்டுல ஆரம்பிக்குது. 1897 ஜூன் 12-ல அசாம், ஷில்லாங் பக்கம் மிகப் பெரிய நிலநடுக்கம், ஊர் ஊரா கல் கட்டடங்கள் தரைமட்டம். ஜியாலஜிகல் சர்வே ஆஃப் இந்தியாவுல வேலை பார்த்த ரிச்சர்ட் டிக்சன் ஓல்ட்ஹாம் அத நேர்ல போய் ஆராய்ஞ்சு பெரிய அறிக்கை எழுதினாரு. இந்த நிலநடுக்கத்துக்கு அப்புறம்தான் கல்கத்தா, பம்பாய், கொடைக்கானல்னு மூணு எடத்துல சீஸ்மோகிராஃப் வந்துச்சு. இதே நிலநடுக்கம் ஐரோப்பாவுல பதிவான தாள்கள வெச்சுத்தான் பி, எஸ், மேற்பரப்பு அலைன்னு மூணும் தனித்தனின்னு ஓல்ட்ஹாம் தெளிவா காட்டினாரு.

1906-ல அவரே அடுத்த படிக்கு போனாரு. ரொம்ப தூரத்து ஸ்டேஷன்கள்ல, அதாவது பூமியோட கிட்டத்தட்ட எதிர்ப்பக்கத்துல, அலைகள் கணக்குப்படி வர வேண்டிய நேரத்த விட லேட்டா வருது. அப்ப ஆழத்துல அலைய மெதுவாக்கற ஒண்ணு இருக்கு, அதுதான் கரு. அதோட அளவு பூமி ஆரத்துல பத்துல நாலு பங்குன்னு மதிப்பிட்டாரு, உண்மையில பத்துல அஞ்சரை பங்கு.

ஆழத்த சரியா பிடிச்சது பெனோ குட்டன்பர்க், ஜெர்மனியில, 1913 வாக்குல, அப்ப அவருக்கு வயசு இருபத்தஞ்சுகூட ஆகல. அவர் வெச்சுக்கிட்டது நிழல் பகுதிங்கற விஷயம். நிலநடுக்கம் நடந்த எடத்துல இருந்து சுமார் 11,500 கிலோமீட்டர் தூரம் வரைக்கும் பி அலை ஒழுங்கா வருது, அதுக்கப்புறம் காணாம போகுது, மறுபடி 15,800 கிலோமீட்டர் தாண்டினாதான் தெளிவா வருது. நடுவுல இருக்கற ஸ்டேஷன்களுக்கு நிழல் விழுந்த மாதிரி. காரணம், கருவுக்குள்ள நுழையற அலை வேகம் குறைஞ்சு உள்பக்கமா மடங்கி தூரத்துல போய் வெளிய வருது, அதனால நடுவுல ஒரு பட்டை காலியா விழுது. நிழலோட அளவு தெரிஞ்சா நிழல் விழ வைக்கற பொருளோட அளவ கண்டுபிடிக்கலாம். அவர் சொன்ன ஆழம் 2,900 கிலோமீட்டர். இவ்வளவு கம்ப்யூட்டர், இவ்வளவு ஸ்டேஷன் வந்ததுக்கு அப்புறம் இன்னைக்கு சொல்றது 2,891. நூறு வருஷத்துக்கு முன்னாடி பேப்பர்ல போட்ட கணக்கு 9 கிலோமீட்டர்தான் விலகியிருக்கு, இத ஊகம்னு சொல்றவங்க இந்த ஒரு எண்ண மட்டும் கொஞ்சம் யோசிச்சுப் பார்க்கணும்.

எஸ் அலைக்கு நடந்தது இன்னும் சுவாரஸ்யம். 11,500 கிலோமீட்டருக்கு அப்புறம் கருவ நேரா ஊடுருவி வர வேண்டிய எஸ் அலை வர்றதே இல்ல. திரவத்துல எஸ் அலை போகாதுன்னு பார்த்தோம் இல்லயா, அப்ப கரு திரவம். இத 1926-ல ஹரால்ட் ஜெஃப்ரீஸ்ங்கற இங்கிலாந்து விஞ்ஞானி இன்னொரு பக்கத்துல இருந்தும் உறுதி பண்ணினாரு: நிலாவோட இழுப்புல கடல் மட்டும் ஏறி இறங்கறதில்ல, தரையும் ஏறி இறங்குது. அந்த அளவ பார்த்தா, மேன்டிலோட விறைப்பு உள்ள முழுக்க இருந்தா பூமி இவ்வளவு வளைஞ்சு கொடுக்காது, நடுவுல விறைப்பே இல்லாத ஒண்ணு இருந்தாத்தான் கணக்கு சரியா வருது.

நிழலுக்குள்ள வந்த அலை

இதுல ஒரு சின்ன உறுத்தல் மிச்சம் இருந்துச்சு. நிழல் பகுதியில எதுவுமே வரக்கூடாது, ஆனா மங்கலா சில பி அலைகள் வந்துச்சு. ஏதோ சிதறி வந்ததுன்னு பலர் விட்டுட்டாங்க. விடாதவங்க டென்மார்க்க சேர்ந்த இங்கே லேமன். 1929-ல நியூசிலாந்துல முர்ச்சிசன் பக்கம் நடந்த நிலநடுக்கம் ஐரோப்பாவுக்கு கிட்டத்தட்ட எதிர்ப்பக்கம், அந்தப் பதிவுகள அவங்க ஒவ்வொண்ணா எடுத்து பார்த்தாங்க. கம்ப்யூட்டர் இல்லாத காலம். ஞாயித்துக்கிழமை தோட்டத்துல பெரிய மேசை போட்டு, ஓட்ஸ் வாங்கின அட்டைப்பெட்டிகள்ல ஸ்டேஷன் வாரியா, நேரம் வாரியா எழுதின கார்டுகள அடுக்கி வெச்சுக்கிட்டு வேலை பார்ப்பாங்கன்னு அவங்க சொந்தக்காரர் ஒருத்தர் நினைவு கூர்ந்திருக்காரு.

1936-ல முடிவ வெளியிட்டாங்க: திரவக் கருவுக்கு நடுவுல இன்னொரு கரு இருக்கு, அலை அதுல பட்டு திசை மாறி நிழலுக்குள்ள வருது. அந்த உட்கருவோட ஆரம் இன்னைக்கு கணக்குல சுமார் 1,220 கிலோமீட்டர், ஆரம்பிக்கற ஆழம் 5,150. யாரும் கண்டுக்காத மங்கலான கோடுகள்ல இருந்து இத்தன பெரிய ஒண்ண ஒருத்தங்க பொறுமையா எடுத்திருக்காங்கங்கறது எனக்கு இந்தத் துறையிலயே ரொம்ப பிடிச்ச விஷயம். அவங்க 104 வயசு வரைக்கும் இருந்தாங்க.

இதுவரைக்கும் கிடைச்ச படம்: மேல மெல்லிசா மேலோடு, 2,891 கிலோமீட்டர் வரைக்கும் மேன்டில், 5,150 வரைக்கும் திரவமான வெளிக்கரு, அதுக்கு உள்ள உட்கரு. எல்லாமே அலை வந்த நேரத்த வெச்சு அளந்தது.

அப்ப லாவா?

இப்ப முதல்ல சொன்ன லாவா கடலுக்கு வருவோம். எஸ் அலை மேன்டில் முழுக்க, மேல இருந்து 2,891 கிலோமீட்டர் வரைக்கும் தாராளமா போய்ட்டு வருது. திரவமா இருந்தா போகவே போகாது. அதனால மேன்டில் திடமான பாறை, பூமியோட கனஅளவுல எண்பது சதவீதத்துக்கு மேல அதுதான். இதுல இழுபறியே இல்ல.

அப்ப எரிமலையில வர்றது எங்க இருந்து? மேன்டிலோட மேல்பகுதியில சில எடங்கள்ல மட்டும் பாறை கொஞ்சமா உருகுது, அதுவும் சூடு ஏறி இல்ல. ஆழத்துல இருக்கற பாறை ரொம்ப சூடாத்தான் இருக்கு, ஆனா மேல இருக்கற அழுத்தம் அத உருக விடாம பிடிச்சு வெச்சிருக்கு. அந்தப் பாறை மேல எழும்பி வரும்போது அழுத்தம் குறையுது, உருக ஆரம்பிக்குது, ஹவாய், ஐஸ்லாந்துல நடக்கறது இது. இன்னொண்ணு, கடல் தரை இன்னொரு தட்டுக்கு (பூமியோட மேல்பகுதி பிரிஞ்சு கிடக்கற, மெதுவா நகர்ற பெரிய பாளங்கள்ல ஒண்ணு) கீழ சொருகிப் போற எடத்துல அது கூட்டிட்டு போற தண்ணி பாறையோட உருகு நிலைய குறைச்சிடுது, இந்தோனேசியா, ஜப்பான் எரிமலைகள் இந்த வகை. வெளிக்கருவுல இருக்கற உருகின இரும்பு எரிமலை வழியா வெளிய கொட்டறதே இல்ல.

திடம்னா அசையாதுன்னு அர்த்தம் இல்ல, இதுலதான் நிறைய பேர் குழம்பறாங்க. நிலநடுக்க அலை மாதிரி சில நொடியில அடிச்சிட்டு போற அதிர்வுக்கு மேன்டில் பாறை கல்லா நடந்துக்கும், லட்சக்கணக்கான வருஷம் தொடர்ந்து அழுத்தினா வருஷத்துக்கு சில சென்டிமீட்டர்னு நகர்ந்து கொடுக்கும். ஸ்வீடன், பின்லாந்து பக்கம் பனியுகத்துல கிலோமீட்டர் கணக்குல பனி படிஞ்சு தரைய அமுக்கி வெச்சிருந்தது, அந்தப் பனி உருகி பத்தாயிரம் வருஷம் ஆகியும் அங்க நிலம் இன்னும் வருஷத்துக்கு கிட்டத்தட்ட ஒரு சென்டிமீட்டர் மேல எழும்பிட்டே இருக்கு. மேன்டில் மெதுவா திரும்பி வர்ற வேகம்தான் அது.

இரும்புன்னு எப்படி சொல்றாங்க

அலை நமக்கு வேகத்தையும் அடர்த்தியையும் சொல்லும், பொருளோட பேர சொல்லாது. அதுக்கு மூணு தடயம். ஒண்ணு விண்கற்கள்: வானத்துல இருந்து விழறதுல ஒரு வகை முழுக்க இரும்பும் நிக்கலும், சூரியக் குடும்பம் உருவானப்ப உடைஞ்சு போன குட்டி கோள்களோட கரு அது. ரெண்டு, பூமியோட காந்தப்புலம்: இரும்பு 770 டிகிரிக்கு மேல நிரந்தர காந்தமா இருக்க முடியாது, உள்ள அத விட பல மடங்கு சூடு, அப்ப மின்சாரம் கடத்தற ஒரு திரவம் ஓடிக்கிட்டே இருந்தாத்தான் காந்தப்புலம் உருவாகும், திரவ இரும்பு அதுக்கு சரியா பொருந்துது. மூணு, அமெரிக்காவுல ஃபிரான்சிஸ் பெர்ச் 1952-ல பல தனிமங்களோட அடர்த்தியையும் அலை வேகத்தையும் ஒப்பிட்டு, கருவுக்கு பொருந்தறது இரும்பு வகைதான்னு காட்டினாரு. ஆனா வெளிக்கரு சுத்த இரும்ப விட சுமார் பத்து சதவீதம் லேசா இருக்கு, அதுல கந்தகம், சிலிக்கான், ஆக்சிஜன் மாதிரி லேசான தனிமங்கள் கலந்திருக்கணும், எது எவ்வளவுன்னு இன்னும் சண்டை ஓடிட்டு இருக்கு.

சூடு எவ்வளவுங்கறதும் இதே மாதிரிதான் வருது. சுரங்கத்துல கிலோமீட்டருக்கு 25, 30 டிகிரி ஏறுதுன்னு அத அப்படியே மையம் வரைக்கும் பெருக்கினா ஒன்றரை லட்சம் டிகிரிக்கு மேல போகும், அது தப்பு, மேன்டில் மெதுவா சுழன்று சூட்ட மேல கொண்டு வர்றதால கீழ போகப் போக அந்த ஏத்தம் குறைஞ்சிடுது. சரியான வழி வேற: வெளிக்கரு திரவம், உட்கரு திடம், அப்ப 5,150 கிலோமீட்டர்ல இருக்கற அந்த எல்லை இரும்பு உறையற எடம். அந்த அழுத்தத்துல இரும்பு எந்த சூட்டுல உருகும்னு லேப்ல கண்டுபிடிச்சா அந்த எடத்தோட சூடு கையில வந்துடும்.

அதுக்குத்தான் வைர நெருக்கி. ரெண்டு வைரத்தோட கூர் முனைகள தட்டையா சீவி, நடுவுல தலைமுடி அகலத்த விட சின்னதா ஒரு இரும்புத் துணுக்க வெச்சு திருகி நெருக்குவாங்க. பூமி மையத்துல அழுத்தம் நம்ம காத்தழுத்தத்த போல சுமார் 36 லட்சம் மடங்கு, அவ்வளவு தூரத்துக்கு இதுல போக முடியும். வைரம் கண்ணாடி மாதிரி ஒளிய விடறதால வெளிய இருந்தே லேசர் அடிச்சு சூடாக்கி, எக்ஸ்ரே விட்டு உருகிச்சா இல்லயான்னு பார்க்கலாம். 2013-ல பிரான்ஸ்ல கிரெனோபிள்ல இப்படி அளந்து மையத்தோட சூடு சுமார் 6,000 டிகிரின்னு சொன்னாங்க, சூரியனோட மேற்பரப்பு சூட்டுக்கு பக்கத்துல.

ஆழத்துல இருந்து தானா மேல வந்த சாட்சியும் உண்டு. 2014-ல பிரேசிலோட ஜுய்னா பகுதியில கிடைச்ச ஒரு மங்கின, விலை போகாத வைரத்துக்குள்ள ரிங்வுடைட்ங்கற கனிமத்தோட ஒரு துளிய கண்டுபிடிச்சாங்க. அது 500 கிலோமீட்டருக்கு கீழ இருக்கற அழுத்தத்துலதான் உருவாகும், மேன்டில்ல அந்த ஆழத்துல அது இருக்கணும்னு லேப் பல வருஷத்துக்கு முன்னாடியே சொல்லியிருந்தது.

ஆட்டிப் பார்க்கறது

மூணாவது வேலை பாக்கி இருக்கு. ரொம்பப் பெரிய நிலநடுக்கம் வந்தா பூமி மொத்தமும் ஒரே பொருளா அதிர ஆரம்பிச்சிடும், 1960-ல சிலி நாட்டுல வந்த 9.5 அளவு நிலநடுக்கத்துலதான் இத முதல் தடவையா உறுதியா பதிவு பண்ணினாங்க. இந்த அதிர்வுல ரொம்ப நிதானமானது ஒரு தடவ போய்ட்டு வர 54 நிமிஷம் எடுத்துக்கும். அதிர்ற விதமும் நேரமும் உள்ள எது திடம், எது திரவம், எங்க எவ்வளவு அடர்த்திங்கறத பொறுத்தது. லேமன் சொன்ன உட்கரு திடமானதுன்னு 1971-ல உறுதியானது இந்த அதிர்வுகள வெச்சுத்தான்.

2004 டிசம்பர் 26 காலையில சுமத்ரா பக்கத்துல வந்த நிலநடுக்கம் நமக்கு சுனாமியா மட்டும் ஞாபகம் இருக்கு, இருக்கத்தான் செய்யும், அத்தன உயிர் போச்சு. அன்னைக்கு பி அலை நாலு நிமிஷ சொச்சத்துல சென்னைய தாண்டிடுச்சு, இருபது நிமிஷத்துல பூமியோட மறுபக்கம் போய் சேர்ந்துடுச்சு. அதுக்கப்புறம் பூமி முழுக்க ஒரே சீரா விரிஞ்சு சுருங்கற அதிர்வு, ஒரு சுத்துக்கு 20 நிமிஷம் சொச்சம், கருவிகள்ல மாசக்கணக்குல தெரிஞ்சுக்கிட்டே இருந்துச்சு. பூமியோட உள்ளமைப்பு பத்தி அது கொடுத்த தகவல் இன்னைக்கும் பயன்படுது.

இன்னும் தீராதது, நம்ம கடலுக்கு கீழ

இப்ப ஆயிரக்கணக்கான ஸ்டேஷன்கள்ல இருந்து வர்ற லட்சக்கணக்கான அலை நேரங்கள கம்ப்யூட்டர்ல போட்டு, எந்த மூலையில அலை கொஞ்சம் வேகம், எந்த மூலையில மெதுவுன்னு முப்பரிமாண படமே எடுக்கறாங்க. ஆஸ்பத்திரி சிடி ஸ்கேன்ல பயன்படற கணக்கு முறையோட நெருங்கின சொந்தம் இது, பேர் சீஸ்மிக் டோமோகிராஃபி. அதுல தெரிஞ்சது, ஆப்பிரிக்காவுக்கு கீழயும் பசிபிக்குக்கு கீழயும் மேன்டிலோட அடியில, கருவ ஒட்டி, கண்டம் அளவுக்கு ரெண்டு பெரிய பகுதி இருக்கு, அதுக்குள்ள எஸ் அலை மெதுவாகுது. சூடா இருக்கறதால மட்டும் மெதுவா, இல்ல பொருளே வேறயான்னு இன்னும் முடிவாகல.

இதோட தொடர்பு இருக்கலாம்னு சொல்லப்படற ஒண்ணு இலங்கைக்கு தெற்க இருக்கு. இந்தியப் பெருங்கடல்ல அந்த எடத்துல பூமியோட ஈர்ப்பு மத்த எடங்கள விட கம்மி, அதனால கடல் மட்டமே எதிர்பார்க்கறத விட 106 மீட்டர் வரைக்கும் தாழ்ந்து இருக்கு, உலகத்துலயே பெரிய பள்ளம் இது. கப்பல்ல போனா கண்ணுக்கு தெரியாது, ஏன்னா அது பல நூறு கிலோமீட்டருக்கு மெல்ல மெல்ல சரியுது. 1948-ல டச்சு விஞ்ஞானி வெனிங் மெய்னஸ் கப்பல்ல ஈர்ப்பு அளந்தப்ப கவனிச்சது. கீழ எங்கயோ எடை குறைவா இருக்குன்னு அர்த்தம்.

2023-ல பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்து ஆய்வாளர்கள் கடந்த 14 கோடி வருஷத்து தட்டு நகர்வ கம்ப்யூட்டர்ல ஓட்டிப் பார்த்து ஒரு விளக்கம் கொடுத்தாங்க: இந்தியா வடக்கே நகர்ந்தப்ப டெத்திஸ்ங்கற பழைய கடலோட தரை மேன்டிலுக்குள்ள அமுங்கி கீழ போச்சு, அது அடியில இருக்கற அந்த ஆப்பிரிக்கப் பகுதிய கலைச்சு விட, அங்க இருந்து சூடான லேசான பாறை எழும்பி இந்தியப் பெருங்கடலுக்கு கீழ மேன்டிலோட மேல்பகுதியில வந்து பரவியிருக்கு. எல்லாரும் இத ஏத்துக்கல. அப்படி எழும்பி வந்த சூடான பாறை நிஜமாவே அங்க இருக்கான்னு அலைகள்ல தெளிவா காட்டினாத்தான் நம்ப முடியும்னு சொல்றவங்க இருக்காங்க, அதுவும் நியாயம்தான். அந்தக் கடல் நடுவுல தீவு ரொம்ப கம்மி, ஸ்டேஷன் வைக்க நிலம் இல்ல, அதனால அதுக்கு கீழ இருக்கற படம் மத்த எடங்கள விட மங்கலா இருக்கு. கடல் தரையிலயே சீஸ்மோமீட்டர்கள இறக்கி, மாசக்கணக்குல அங்கயே விட்டு, எங்கயாவது வர்ற நிலநடுக்கத்தோட அலை அந்த எடத்த எவ்வளவு நேரத்துல தாண்டுதுன்னு பதிவு பண்ணி எடுத்துட்டு வர்றதுதான் அத தெளிவாக்கற வழி.